ஜாடிப் படம் கேட்டைத் தாண்டிய விவரம்

விஷ்ராந்த்வாடி, புனே
பிப்ரவரி 17, செவ்வாய்க்கிழமை

மதிப்பிற்கும் மரியாதைக்கும் உரிய சம்பந்தி வாசுதேவன் அவர்களின் சமூகத்திற்கு, கோவிந்தராஜன் பணிவோடு எழுதிக்கொண்டது. இங்கு நானும் கோதையும் கௌஷிக்கும், ஏழாம் மாதம் நடக்கும் தங்கள் மகள் ப்ரீத்தியும் உடம்பளவில் சௌக்கியம். மனசளவில் எப்படி என்பதைக் கீழே விவரித்திருக்கிறேன். தாங்கள் சௌக்கியம் என்பதை ஈரோட்டில் தங்கள் பக்கத்து வீட்டு அமல்ராஜ் சாருக்குப் போன் போட்டுத் தெரிந்துகொண்டோம். காலையில் வாக்கிங் போகிறீர்களாம், பால் வாங்குகிறீர்களாம், ஆனால் புனே என்று பேச்செடுத்தால் "வேலை இருக்கு" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொள்கிறீர்களாம். கதவைச் சாத்திக்கொள்ள தங்களுக்கு எல்லா உரிமையும் உண்டு.

கடிதம் எழுதக் காரணம், போனில் தங்களைப் பிடிக்க முடியவில்லை என்பதுதான். எட்டாம் தேதி ஞாயிற்றுக்கிழமை காலை பதினொன்று பத்துக்கு என் மகன் கௌஷிக் நம்முடைய 'ஈரோடு புனே குடும்பம்' வாட்ஸ்அப் குரூப்பில் ஒரு போட்டோ போட்டான். பதினொன்று இருபதுக்குத் தாங்கள் குரூப்பை விட்டு வெளியேறிவிட்டதாக அதுவே அறிவித்தது. பத்தே நிமிஷம். அதிலிருந்து தங்கள் போன் அணைத்துவைக்கப்பட்டிருப்பதாக ஒரு பெண் தமிழிலும் இங்கிலீஷிலும் ஒன்பது நாளாகச் சொல்லிக்கொண்டிருக்கிறாள். அவளோடு எனக்கு இப்போது நல்ல பழக்கம். அந்தப் போட்டோவில் நான் மார்பில் பேட்ஜ் குத்திக்கொண்டு, ஒரு மேசைக்குப் பின்னால், என்றும் இல்லாத திருநாளாகச் சிரித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். எனக்குப் பின்னால் சுவரில், தாங்கள் தங்கள் கையாலேயே வரைந்து கிரகப்பிரவேசத்துக்குக் கொடுத்த படம். படத்தின் மூலையில் மஞ்சள் ஸ்டிக்கர். ஸ்டிக்கரில் என் கையெழுத்தில், முத்து முத்தாக, 'பழம்பொருள், எண் 212, நிலை: சுமார்'.

சம்பந்தி கொடுத்த படத்தைச் சந்தையில் விற்றவன் என்று தாங்கள் என்னை நினைத்தால் அதில் தப்பே இல்லை. நானாக இருந்தால் குரூப்பை விட்டு மட்டுமல்ல, உறவை விட்டே வெளியேறியிருப்பேன். ஆனால் வருகிற ஞாயிற்றுக்கிழமை, இருபத்திரண்டாம் தேதி, ப்ரீத்திக்கு வளைகாப்பு. அதை முடித்துப் பெண்ணைப் பிரசவத்துக்கு ஈரோட்டுக்கு அழைத்துப் போக வேண்டியவர் தாங்கள். அம்மா இல்லாத பெண், அப்பாவும் வரவில்லை என்றால் என்ன செய்வாள்? நேற்று கோதை வளையல் வாங்கக் கிளம்பினபோது, "அப்பா வராம நான் மணையில உட்கார மாட்டேன் அத்தை, வாங்கவே வாங்காதீங்க" என்று சொல்லிவிட்டாள். அழக்கூட இல்லை. அழுதிருந்தால் கோதை சமாளித்திருப்பாள். அதனால் நடந்தது நடந்தபடி எழுதுகிறேன். படித்துவிட்டு என்னைத் திட்டுவதானாலும் நேரில் வந்து திட்டுங்கள்.

இங்கே ஓர் அறக்கட்டளை இருக்கிறது. வெளியூரிலிருந்து வைத்தியத்துக்கு வருகிற நோயாளிகளின் கூட இருப்பவர்கள் தங்குவதற்கு ஒரு விடுதி நடத்துகிறார்கள். அதற்கு நிதி சேர்க்க வருஷா வருஷம் இரண்டு நாள் ஓவியம், பழம்பொருள் சந்தை ஒன்று போடுவார்கள். பெரிய மனிதர்கள் வீட்டிலிருந்து பழைய கடிகாரம், பித்தளை விளக்கு, சித்திரம் எல்லாம் தருமமாக வரும். அதை வாங்கவும் பெரிய மனிதர்களே வருவார்கள். அதன் செயலாளர் சுலபா தாயி, அக்காவை இங்கே தாயி என்றுதான் கூப்பிடுவார்கள், எங்கள் கட்டடத்தில் இரண்டாவது மாடி. போன வருஷம் சந்தையில் எந்தப் பொருள் யார் கொடுத்தது என்று தெரியாமல் ஒரே களேபரமாம். கோவிந்தராஜன் கட்கி வெடிமருந்துத் தொழிற்சாலையில் முப்பத்தெட்டு வருஷம் ஸ்டோர் கீப்பராக இருந்தவர், அவரிடம் விட்டால் ஒரு குண்டூசி தவறாது என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். யாரோ என்ன யாரோ, கோதைதான். நான் ரிடையர் ஆகி வீட்டில் பருப்பு டப்பாவுக்கெல்லாம் நம்பர் போட ஆரம்பித்திருந்த சமயம், இரண்டு நாளாவது வெளியே போகட்டும் என்று நினைத்திருக்கிறாள்.

போனேன். முதல் வேலையாகப் பதின்மூன்று விதி எழுதி, டைப் அடித்து, கேட்டில் ஒட்டினேன். ஓவியத்துக்குப் பச்சை ஸ்டிக்கர், பழம்பொருளுக்கு மஞ்சள், ஓடாத உடைந்த சாமானுக்குச் சிவப்பு. ஸ்டிக்கர் இல்லாத எந்தப் பொருளும் ஹாலுக்குள் இருக்கக் கூடாது, இது விதி ஒன்று. ஒரு பழைய மராட்டிய சர்தார் குடும்பம் கொடுத்த நூறு வருஷத்துக் கடிகாரத்தின் மேல் சிவப்பு ஒட்டி 'ஓடாது, கண்ணாடி விரிசல், சாவி இல்லை' என்று எழுதிவிட்டேன். அந்த வீட்டு அம்மா வந்து பார்த்துவிட்டு சுலபா தாயியிடம் அரைமணி நேரம் பேசினார். ஆனால் சம்பந்தி, முதலில் விற்றது அதுதான். இத்தனை நேர்மையான கடையை வாழ்க்கையில் பார்த்ததில்லை என்று வாங்கினவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். அதில் எனக்குத் தலை கொஞ்சம் கனத்துவிட்டது, ஒத்துக்கொள்கிறேன். அப்புறம் சிறப்பு விருந்தினர் குத்துவிளக்கு ஏற்றினார். ஏற்றும்போது கைத்தடியை மேசையில் சாய்த்து வைத்தார். ஸ்டிக்கர் இல்லாமல் ஒரு கைத்தடி நின்றால் நான் என்ன செய்வேன்? மஞ்சள் ஒட்டினேன். அவர் பேசி முடிப்பதற்குள் அது விற்றுப் போய்விட்டது. வாங்கினவர் நல்ல மனுஷர், கேட்டதும் திருப்பிக் கொடுத்துவிட்டார். ஆனால் விருந்தினர் கிளம்புகிறவரைக்கும் அதை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டே இருந்தார்.

சரி, உங்க படம் எப்படி அங்கே வந்ததுன்னு கேட்பீங்க. போன மழைக்காலத்துல படத்துக் கண்ணாடிக்குள்ள ஈரம் கோத்து ஓரத்துல பூஞ்சை பிடிக்க ஆரம்பிச்சது. ப்ரீத்திக்கு மனசு கேட்கலை. போன மாசம் கட்கி பஜார்ல ஃப்ரேம் கடை வெச்சிருக்கிற முகமது இஸ்மாயில் பாய்கிட்ட குடுத்து, புதுக் கண்ணாடி போடச் சொல்லிட்டு வந்தா. சீட்டு என் பேர்ல. அதே இஸ்மாயில் பாய் ஒவ்வொரு வருஷமும் சந்தைக்குப் பத்து ஃப்ரேம் இனாமாக் குடுக்கிறவர். வெள்ளிக்கிழமை அவருக்குப் போன் போட்டு, "என் பேர்ல என்னென்ன இருக்கோ எல்லாத்தையும் ஹாலுக்கு அனுப்பிடுங்க பாய்"ன்னு சொன்னேன். பத்து ஃப்ரேமைத்தான் சொன்னேன். அவர் பதினொண்ணு அனுப்பினார். அவர் மேல தப்பே கிடையாது, சொன்னதைச் செஞ்சார்.

எல்லாம் பேப்பர் சுத்தி, கயிறு கட்டி வந்தது. பிரிச்சுப் பார்த்திருந்தா கதையே இல்லை. இங்கதான் என் தொழில் காலை வாரிடுச்சு. வெடிமருந்து ஸ்டோர்ல எவனாவது பெட்டியைத் திறந்து பார்ப்பானா? பார்த்தா வேலையும் போகும், ஆளும் போவான். பெட்டி மேல என்ன எழுதியிருக்கோ அதுதான் பெட்டி. முப்பத்தெட்டு வருஷம் நான் ஒரு பெட்டியைத் திறந்தது இல்லை, அதுக்கு மேலிடத்துலேர்ந்து பாராட்டுக் கடிதமே இருக்கு. உள்ள என்ன நிலைமைன்னு தெரியாத சாமானுக்கு 'நிலை: சுமார்'னு போடறது வழக்கம். நல்லாயிருக்குன்னு எழுதி மாட்டிக்கவும் வேண்டாம், மோசம்னு எழுதி விளக்கம் சொல்லவும் வேண்டாம். பதினொரு கட்டுக்கும் மஞ்சள் ஒட்டினேன், பதினொண்ணுக்கும் சுமார். சாயந்திரம் தன்னார்வப் பெண்கள் வந்து கட்டுகளைப் பிரிச்சு, ஸ்டிக்கரை ஃப்ரேம் மேல மாத்தி ஒட்டி, எங்கெங்கே இடம் இருந்ததோ அங்கங்கே மாட்டிட்டுப் போனாங்க. உங்க படத்துக்குக் கிடைச்ச இடம் என் நாற்காலிக்கு நேர் பின்னால. ரெண்டு நாள் அதுக்கு முதுகைக் காட்டிக்கிட்டு உட்கார்ந்து ஊர்ச் சாமானுக்கெல்லாம் காவல் காத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை குரூப்பில் நீங்க வெளியேறினதைப் பார்த்ததும் கோதைக்குத்தான் முதல்ல பொறி தட்டியிருக்கு. போட்டோவைப் பெருசாக்கிப் பார்த்திருக்கா. என்னோட மதியச் சாப்பாட்டு அடுக்கைத் தூக்கிக்கிட்டு ஆட்டோவில ஓடி வந்தா. வந்தவ கேட்டுப் பக்கம் அடுக்கை வெச்சுட்டு, நேரா என் முன்னால வந்து நின்னு, எனக்குப் பின்னால கையைக் காட்டினா. திரும்பிப் பார்த்தேன். அந்தப் பக்கம் கேட்டில நின்ன சவரிமுத்து, ஃபாக்டரியில என்கிட்ட காவல் பார்த்தவன்தான், கேட்பாரத்து நிக்கிற சாப்பாட்டு அடுக்கைப் பார்த்து விதி ஒண்ணுப்படி மஞ்சள் ஒட்டி மேசையில வெச்சுட்டான். அதை ஐ.டி.யில வேலை பார்க்கிற ஒரு பையன் பழங்காலத்துச் சாமான்னு ஆசைப்பட்டு வாங்கிட்டுப் போயிட்டான். உள்ள புளியோதரை இருந்ததை வீட்ல போய்த்தான் பார்த்திருக்கான். சாப்பிட்டுட்டு, அடுத்த வருஷமும் இதே மாதிரி நிரப்பிக் குடுப்பீங்களான்னு சுலபா தாயிக்கு மெசேஜ் அனுப்பியிருக்கான்.

இப்ப ஒரு விஷயத்தை ஒத்துக்கணும். இதை எழுதாம விட்டா மத்ததெல்லாம் எழுதி பிரயோஜனம் இல்லை. மூணு வருஷமா அந்தப் படம் எங்க ஹால்ல டி.வி.க்கு எதிர்ச்சுவர்ல தொங்கிக்கிட்டிருந்தது. அது என்ன படம்னு எங்க யாருக்கும் தெரியாது. மஞ்சளா ஒரு சதுரம், பச்சைப் பச்சையா கோடு, கீழே பழுப்பா ஒண்ணு, ஓரத்துல வெள்ளையா மேடு மாதிரி. பழுப்பா இருக்கிறது ஊறுகாய் ஜாடின்னு கோதை அடிச்சுச் சொன்னா. எனக்கு அது பழைய மாடல் குண்டோட மூடி மாதிரி பட்டுது. மாடர்ன் ஆர்ட்டுன்னா புரியக் கூடாதுப்பான்னு கௌஷிக் சொல்லிட்டான். உங்களைக் கேட்கலாம்னா, இவ்வளவு பெரிய படத்தைக் குடுத்த மனுஷரைப் பார்த்து இது என்னன்னு எப்படிக் கேட்கிறது? நீங்க வர்றப்பெல்லாம் நான் அதைப் பார்த்து "ஆழமா இருக்கு"ன்னு சொல்வேன். நீங்களும் தலையை ஆட்டுவீங்க. நீங்க போனதும் அது ஜாடிப் படம். 'ஜாடிப் படத்துக்குக் கீழே ரிமோட் இருக்கு பாரு', 'ஜாடிப் படம் கோணியிருக்கு பாரு'. ப்ரீத்தி இருக்கும்போது மட்டும் சொல்ல மாட்டோம். அவளுக்கும் அது என்னன்னு தெரியாதுங்கறது எனக்குப் போன வாரம்தான் தெரிஞ்சது.

நான் என்ன செஞ்சேன்னா, யாரும் பார்க்காதப்போ படத்தைக் கழட்டி, கக்கத்துல இடுக்கிக்கிட்டு, வாசலுக்கு நடந்தேன். சவரிமுத்து கையைக் குறுக்கே நீட்டினான். "கேட் பாஸ் ஐயா." டேய், நான்டா. "தெரியுதுங்க ஐயா. கேட் பாஸ்." விதி எட்டு, ஹாலை விட்டுப் போற எந்தப் பொருளுக்கும் ரெண்டு கையெழுத்து, ஒண்ணு ஸ்டோர்க்காரர், ஒண்ணு செயலாளர். பொருளை எடுத்துப் போறவர் தன் பாஸில தானே கையெழுத்துப் போடக் கூடாது. எழுதினது நான். ஃபாக்டரியில இதே சவரிமுத்து ஒரு நாள் எங்க பெரிய அதிகாரியையே மழையில நிறுத்தினான், நான்தான் அவனுக்கு முதுகில தட்டிக் குடுத்தேன். இப்ப அதே முதுகு என் முன்னால நிமிர்ந்து நிக்குது. எதைச் சொல்லித் திட்டறது?

படத்தைப் பழையபடி மாட்டிட்டு சுலபா தாயிகிட்ட போனேன். விஷயத்தைக் கேட்டுட்டு அவங்க ரொம்ப வருத்தப்பட்டாங்க. ஆனா படத்துக்குக் கீழே தொங்கற சீட்டைக் காட்டினாங்க. எங்க சந்தையில கூவி ஏலம் கிடையாது. ஒவ்வொரு பொருளுக்குக் கீழேயும் ஒரு சீட்டு தொங்கும், வேணுங்கறவங்க பேரும் தொகையும் எழுதணும், ஆறு மணிக்கு மணி அடிக்கும்போது கடைசிப் பேர் யாருதோ பொருள் அவங்களுக்கு. சீட்டுல ஒரு பேர் விழுந்துட்டா பொருளைத் திரும்ப எடுக்க முடியாது, அது விதி ஏழு. அதையும் யார் எழுதினதுன்னு நான் சொல்ல வேண்டியதில்லை. உங்க படத்துச் சீட்டுல பென்சில்ல ஒரு பேர் இருந்தது, ஜமீலா.

சரி, பணம் போனாப் போகுதுன்னு கீழே என் பேரை எழுதினேன். டீ குடிச்சுட்டு வந்து பார்த்தா, எனக்குக் கீழே மறுபடி ஜமீலா, ஐம்பது ரூபா கூட. நான் எழுதினேன். அவ எழுதினா. எனக்கு ரோஷம் வந்துடுச்சு. யார் இந்த அம்மா, வைர மூக்குத்தியும் டிரைவருமா வந்து சுவருக்கு மேட்சா படம் வாங்கறவங்கள்ல ஒருத்தியா இருக்கும், பார்த்துடலாம் ஒரு கைன்னு நாற்காலியைத் திருப்பிப் போட்டுப் படத்தைப் பார்த்தபடி உட்கார்ந்தேன். அஞ்சே முக்காலுக்கு ஒரு அம்மா வந்தா. கையெல்லாம் கடலை மாவு. வெளியே வடையும் சாயாவும் விக்கிற கடையில காலையிலேர்ந்து நின்ன அம்மா, நானே அவகிட்ட நாலு சாயா வாங்கிக் குடிச்சிருக்கேன். கையை முந்தானையில துடைச்சுட்டு பென்சிலை எடுத்தா. எழுதலை. சீட்டையே பார்த்துக்கிட்டு நின்னா. அதுக்கு மேல அவகிட்ட இல்லைங்கறது முகத்திலேயே தெரிஞ்சது.

இந்தப் படம் உனக்கு எதுக்கும்மான்னு இந்தியில கேட்டேன். சோலாப்பூர்க்காரி. ஆறு வருஷம் முன்னால புருஷனை வைத்தியத்துக்குக் கூட்டிக்கிட்டு வந்தவ, பதினோரு மாசம் அந்த விடுதியில தங்கி ஆஸ்பத்திரிக்கு நடந்திருக்கா. அவர் பிழைக்கலை. ஊருக்குத் திரும்பிப் போக மனசில்லாம அங்கேயே சமையலுக்கு நின்னுட்டா. இதெல்லாம் அப்புறம் சுலபா தாயி சொன்னது. அவ என்கிட்ட சொன்னது வேற. அதை அப்படியே எழுதறேன், ஒரு வார்த்தை கூட்டலை.

"இது வார்டு ஜன்னல் சாப். விடியக்காலம் அஞ்சு மணி. ராத்திரி பூரா நாற்காலியில உட்கார்ந்திருந்தவங்களுக்குத்தான் இந்த மஞ்சள் தெரியும். இன்னொரு நாள் கிடைச்சுதுன்னு அர்த்தம்."

பச்சைக் கோடு? ஆஸ்பத்திரித் திரை. வெள்ளை மேடு? தலைகாணி. படுத்திருக்கிறவங்களை வரையலை, உட்கார்ந்திருக்கிறவர் பார்த்ததைத்தான் வரைஞ்சிருக்கார்னா. எனக்குக் கொஞ்சம் கொஞ்சமா உறைக்க ஆரம்பிச்சது. இருந்தாலும் விடாம, அப்ப அந்த ஜாடின்னு கேட்டேன். அவ என்னைப் பார்த்த பார்வை இருக்கே.

"ஜாடியா? தெர்மாஸ் சாப். ரெண்டு பேருக்கு டீ இருக்கும். ஒருத்தர்தான் குடிப்பாங்க."

சம்பந்தி, ப்ரீத்தியோட அம்மா, ரமா அம்மா, கோயமுத்தூர் ஆஸ்பத்திரியில இருந்தது ஐம்பத்தெட்டு நாள். ஒருத்தருக்கு மேல கூட இருக்க விடாத காலம் அது. பெத்த பொண்ணே புனேயிலேர்ந்து போன்லதான் அம்மா முகத்தைப் பார்த்தா. உள்ள இருந்தது நீங்க ஒருத்தர்தான். அவங்க போனப்புறம் பதினாறாம் நாள் காரியத்துக்குத்தான் நாங்க வந்தோம். வந்து சாப்பிட்டோம், திரும்பற ரயில்ல பெர்த் கன்ஃபர்ம் ஆச்சா இல்லையான்னு உங்க வீட்டுக் கூடத்துல உட்கார்ந்து நான் அரைமணி நேரம் பேசினேன். அந்த ஐம்பத்தெட்டு நாள் எப்படிப் போச்சுன்னு ஒரு வார்த்தை கேட்கலை. கேட்டா நீங்க உடைஞ்சுடுவீங்கன்னு நினைச்சோம்னு இப்ப சொல்லிக்கலாம். நிஜம் என்னன்னா, எங்களுக்குப் பயம். நீங்க அதுக்கப்புறம் அதையே வரைஞ்சு எடுத்துக்கிட்டு வந்து குடுத்தீங்க, அதை நான் டி.வி.க்கு எதிரா மாட்டி மூணு வருஷம் ஜாடின்னு சொன்னேன். பெட்டியைத் திறக்காம இருக்கிறதுக்குப் பாராட்டுக் கடிதம் வாங்கினவன் இல்லையா நான். வெட்கமா இருந்தது. இதை எழுதும்போதும் இருக்கு.

மணி அடிக்க ரெண்டு நிமிஷம் இருந்தது. கடைசிப் பேர் என்னோடது. சும்மா உட்கார்ந்திருந்தா படம் நம்ம வீட்டுக்கு வந்திருக்கும், உங்ககிட்ட இப்படி எழுத வேண்டிய அவசியமும் வந்திருக்காது. என் பேரை அடிச்சுட்டேன். திருத்தல் செய்தால் பக்கத்தில் சுருக்கொப்பம் போட வேண்டும் என்பது விதி பதினொன்று, அதையும் போட்டேன். மணி அடிச்சது. கேட்டில சவரிமுத்து பாஸ் கேட்டான், நானும் சுலபா தாயியும் கையெழுத்துப் போட்டோம், ஜமீலா படத்தைத் தலைக்கு மேல தூக்கிக்கிட்டுப் போனா. விடுதியில எல்லாரும் உட்கார்ந்து சாப்பிடற அறையில மாட்டியிருக்காளாம். அதுக்குப் பக்கத்துல உட்காரத்தான் இப்ப போட்டியாம். நான் உங்களைக் கேட்காம செஞ்சேன். அன்னைக்கு உங்களைக் கேட்கவும் வழியில்லை, நீங்க போனை அணைச்சுட்டீங்க.

வீட்டுக்கு வந்து ப்ரீத்திகிட்ட சொன்னேன். அவ சுவர்ல இருந்த ஆணியைப் பார்த்தா. அப்புறம், "அது அம்மாவோட ஃபிளாஸ்க் மாமா"ன்னா. அவ்வளவுதான். அன்னையிலேர்ந்து உங்க நம்பருக்கு அரைமணிக்கு ஒரு தரம் போட்டுப் பார்க்கறா. படம் போனதுக்கு அவ என்னைக் கோவிச்சுக்கலை. உங்ககிட்ட அதைப் பத்திப் பேசணும்னுதான் தவிக்கிறா.

ஆகவே சம்பந்தி அவர்களே, படத்தை விற்றதற்கு நான் மன்னிப்புக் கேட்கவில்லை. கேட்காமல் இருந்ததற்குத்தான் கேட்கிறேன். கோபத்தைக் கையோடு கொண்டு வாருங்கள், இங்கே வைத்து இறக்கிக்கொள்ளலாம், இடம் இருக்கிறது. ஆனால் ஞாயிற்றுக்கிழமைக்கு முன்னால் வந்துவிடுங்கள். வளையல் கடைக்காரர் அளவு கேட்டு இரண்டு தரம் போன் செய்துவிட்டார். கோதை தங்களுக்கு நமஸ்காரம் சொல்லச் சொன்னாள். கௌஷிக், இனிமேல் போட்டோ எடுக்கும்போது பின்னால் என்ன இருக்கிறது என்று பார்ப்பதாகச் சொல்லச் சொன்னான். பிறக்கப்போகும் பேரப்பிள்ளைக்குத் தாங்கள் இருவீட்டுக்கும் பெரியவராக இருந்து பெயர் சொல்ல வேண்டும் என்று பெருமாளை வேண்டிக்கொண்டு முடிக்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் சம்பந்தி
கோவிந்தராஜன்

பின்குறிப்பு: ஸ்பீட் போஸ்ட் கவரை ஒட்டப் பசையைக் கையில் எடுத்தபோது ப்ரீத்தியின் போன் அடித்தது. நீங்கள்தான், ரயிலிலிருந்து. நாளைக் காலை புனே ஸ்டேஷனில் இறங்குகிறீர்களாம். போட்டோவா, எந்தப் போட்டோ என்று கேட்டீர்களாம். வளைகாப்புக்குள் இன்னொரு படம் வரைந்து முடிக்க வேண்டும் என்று உட்கார்ந்தீர்களாம். தினமும் விடிவதற்குள் யாரோ ஒருவர் குரூப்பில் அனுப்புகிற காலை வணக்கப் பூக்கள் டிங் டிங் என்று கவனத்தைக் கெடுத்ததால், அன்றைக்குப் பதினொரு மணிக்கு மேலும் ஒரு டிங் கேட்கவே, என்னவென்று பார்க்காமலே பொறுக்க முடியாமல் வெளியேறி, போனையும் அணைத்துப் பெட்டியில் போட்டுவிட்டீர்களாம். அந்த யாரோ நான்தான். உங்களுக்கு ஒன்றுமே தெரியாது. கோபமும் கிடையாது. மேலே எழுதியிருக்கிற அத்தனையும் வெட்டி வேலை.

அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. புதுப் படத்தை முதல் படத்துக்குப் பக்கத்திலேயே மாட்ட வேண்டுமாம், அது இல்லாமல் இது புரியாதாம், மாப்பிள்ளையை இன்றைக்கே பக்கத்தில் இன்னோர் ஆணி அடித்து வைக்கச் சொன்னீர்களாம்.

கடிதத்தைக் கிழித்துப் போடுங்கள், பழைய படம் இன்னும் கண்ணாடிக் கடையில் இருக்கிறது என்று சொல்லிக்கொள்ளலாம் என்கிறாள் கோதை. இஸ்மாயில் பாய் ஞாயிறு வரைக்கும் பொய் சொல்ல ஒத்துக்கொண்டும் விட்டார். ப்ரீத்தி கடிதத்தை எடுத்து என் கையில் கொடுத்தாள். எனக்கு அது போதும். இந்தக் கடிதத்தை ஸ்டேஷனிலேயே உங்கள் கையில் கொடுத்துவிடுவேன். ஆட்டோ நேராக வீட்டுக்குப் போகாது, முதலில் விடுதிக்குப் போகும். ஜமீலாவிடம் இரண்டு பேருக்கு டீ போட்டு வைக்கச் சொல்லியிருக்கிறேன், இந்தத் தடவை இரண்டு பேரும் குடிப்போம். நீங்கள் கொண்டுவரும் படத்தைப் பிரித்ததும் இது என்ன என்று முதலில் நான் கேட்பேன், நீங்கள் எவ்வளவு நேரம் சொன்னாலும் கேட்பேன். அதற்கு அப்புறம் ஆணியை எந்தச் சுவரில் அடிப்பது என்று நீங்கள் சொல்லுங்கள். ஸ்டேஷனில் என் பையில் சுத்தியல் இருப்பதைப் பார்த்துப் பயப்பட வேண்டாம்.